இமையாக் கண்

ஊர் காக்கும் தொழில் மிகப் பழமையானது. மனிதன் பொருளைத் தேடிச் சேர்க்கத் தொடங்கிய நாளிலேயே அப்பொருளைக் காக்கும் கவலையும் அவனைப் பற்றிக்கொண்டது. பத்துப்பாட்டுள் ஒன்றாகிய மதுரைக்காஞ்சி, மதுரை மாநகரின் இரவை நம் கண்முன் நிறுத்துகின்றது. இருளில் மறைந்து திரியும் கள்வரையும், அவர்தம் சூழ்ச்சியை அறிந்து அவரைத் தேடித் திரியும் ஊர்க்காவலரையும் அங்கே காண்கின்றோம். மழை பெய்து தெருவில் நீர் ஓடும் நள்ளிரவிலும் அக்காவலர் சோர்வின்றி உலாவினர் என்று மாங்குடி மருதனார் பாடுகின்றார்.

அக்காவலர் எத்துணை விழிப்புடையவராயினும் மனிதரே அல்லரோ? மனிதனுடைய கண் இமைக்கும்; கால் தளரும்; ஒரு தெருவில் நடக்கும்போது மறுதெரு அவனுக்குப் புலப்படாது. இக்குறையை நீக்குதற்கு இமையாத கண்ணொன்று வேண்டும் என மனிதன் எண்ணினான். அவ்வெண்ணத்தின் பயனாகத் தோன்றியதே கண்காணிப்புக் காமிரா.

வங்கியிலும், புகைவண்டி நிலையத்திலும், மருத்துவமனையிலும், கடைத்தெருவிலும், பள்ளி வாயிலிலும் இன்று இக்கருவியைக் காண்கின்றோம். சில காமிராக்கள் தலையைத் திருப்பித் திருப்பி நாற்புறமும் பார்க்கும். அவை சுழல் காமிராக்கள் எனப்படும். ஏனையவை வைத்த திசையையே நோக்கி அசையாது நிற்கும். அவற்றை நிலைக்காமிரா என்று கூறலாம். இக்காலத்து நிலைக்காமிராக்களுள் பல கணினி வலையமைப்போடு இணைக்கப்பட்டவை. சி.சி.டி.வி. என்றும், ஐ.பி. காமிரா என்றும் மக்கள் வழங்குவர். அதன் அமைப்பு யாது? அதனால் விளையும் நன்மைகள் யாவை? அதன் குறைகள் யாவை? இவற்றை இப்பாடத்தில் ஆராய்வோம். எங்கள் தெருவில் நிற்கும் நிலைக்காமிரா ஒன்று, நாற்பதாண்டு ஆசிரியத் தொழில் செய்த எனக்கே ஒரு பாடம் கற்பித்தது. அதனையும் இறுதியில் கூறுவேன்.

தோற்றமும் வளர்ச்சியும்

தொலைவில் நிகழ்வதை இருந்த இடத்திலிருந்தே காணும் கருவி இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் உருப்பெற்றது. 1942-ஆம் ஆண்டில் ஜெர்மனி நாட்டில் பீனமுண்டே என்னுமிடத்தில் ஏவுகணைகளைச் செலுத்திச் சோதித்தனர். அருகில் நின்று பார்ப்பவருடைய உயிருக்குக் கேடு நேரலாம். ஆதலின் வால்ட்டர் புரூக் என்னும் பொறியியலறிஞர், ஏவுதளத்தின் அருகே தொலைக்காட்சிக் காமிராக்களை நிறுத்தி, அவை காட்டும் படத்தைக் கம்பி வழியே பாதுகாப்பான இடத்திற்குக் கொண்டுவந்தார்.

போரின் பொருட்டுப் பிறந்த இக்கருவியை வீட்டு வாயிலுக்குக் கொணர்ந்தவருள் முதன்மையானவர் ஒரு பெண்மணி. அவர் பெயர் மேரி வான் பிரிட்டன் பிரவுன். நியூயார்க் நகரில் செவிலியாகப் பணிபுரிந்த அவ்வம்மையார் காலமல்லாக் காலத்தில் வீடு திரும்புபவர். கதவைத் தட்டுபவர் நல்லவரோ தீயவரோ என அறியாது அஞ்சும் நிலை அவருக்கு இருந்தது. அவருடைய கணவர் மின்னணுத் தொழில் அறிந்தவர். இருவரும் கூடி, கதவிலுள்ள துளைகளின் வழியே வெளியில் நிற்பவரைக் காணும் காமிராவையும், அப்படத்தை உள்ளறையில் காட்டும் திரையையும், வந்தவரோடு பேசுதற்குரிய ஒலிவாங்கியையும் ஒன்றாக இணைத்தனர். 1966-இல் விண்ணப்பித்த இவ்வமைப்பிற்கு 1969-இல் காப்புரிமை கிடைத்தது. அச்சமே பல கண்டுபிடிப்புகளுக்குத் தாய் என்பது இதனால் விளங்கும்.

காமிராவைக் கணினி வலையமைப்போடு இணைத்த வரலாறு நகைப்பிற்குரியது. இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கணினி ஆய்வகத்தில் காப்பிப் பாத்திரம் ஒன்று இருந்தது. பல மாடி தாண்டிக் காப்பி அருந்த வருவோர், பாத்திரம் வெறுமையாக இருப்பது கண்டு ஏமாந்து திரும்புவர். 1991-இல் அவ்வாய்வாளர் பாத்திரத்தை நோக்கி ஒரு காமிராவை நிறுத்தி, அதன் படத்தைத் தத்தம் மேசைக் கணினியிலேயே காணுமாறு செய்தனர். 1993-இல் அப்படம் உலகளாவிய வலையத்திலும் ஏறிற்று. 2001-இல் அக்காமிரா நிறுத்தப்படும் வரையில் உலகின் பல மூலைகளிலிருந்தும் மக்கள் அப்பாத்திரத்தைப் பார்த்து மகிழ்ந்தனர். அசையாது நின்று ஒரே பொருளை நோக்கிய அதுவும் ஒரு நிலைக்காமிராவே அன்றோ?

1996-ஆம் ஆண்டில் சுவீடன் நாட்டு ஆக்சிஸ் நிறுவனம், வலையமைப்போடு தானே இணையும் காமிராவை முதன்முதல் விற்பனைக்குக் கொண்டுவந்தது. பெரிய அளவுள்ள படம் ஒன்றை அனுப்ப அதற்கு 17 விநாடி வேண்டியிருந்தது. இன்றைய காமிராக்களோ ஒரு விநாடிக்குள் 25 படங்களை எளிதில் அனுப்புகின்றன. 2008-இல் நிறுவனங்கள் சில கூடி, ஆன்விஃப் என்னும் பொது அமைப்பைத் தோற்றுவித்தன. அதன் விதிகளுக்கு இணங்கச் செய்யப்பட்ட காமிராவும் பதிவுக் கருவியும், வெவ்வேறு நிறுவனத்தாருடையன ஆயினும், ஒன்றன் மொழியை ஒன்று அறிந்துகொள்ளும்.

அமைப்பும் இயக்கமும்

நிலைக்காமிராவின் அமைப்பை நம் கண்ணின் அமைப்போடு ஒப்பிட்டு அறியலாம். நம் கண்ணில் விழிவில்லை இருப்பது போலக் காமிராவின் முகப்பில் கண்ணாடி வில்லை உண்டு. விழித்திரை இருப்பது போல அதன் பின்னே ஒளியுணரித் தகடு ஒன்று உண்டு. அத்தகட்டில் ஒளியை அறியும் நுண்புள்ளிகள் வரிசை வரிசையாக அமைந்திருக்கும். ஒரு வரிசைக்கு 1,920 புள்ளிகளாக 1,080 வரிசைகள் உள்ள படத்தில் மொத்தம் 20,73,600 புள்ளிகள் இருத்தல் காண்க.

இத்துணைப் புள்ளிகளையும் விநாடிக்கு 25 முறை அப்படியே அனுப்பப் புகுந்தால் கம்பி தாங்காது. பதிவுக் கருவியும் விரைவில் நிரம்பிவிடும். ஆதலின் காமிராவினுள்ளே இருக்கும் சிறு கணினி அப்படத்தைச் சுருக்குகின்றது. சுருக்கும் முறை எளிது. தெருவிலுள்ள சுவரும் மரமும் கம்பமும் மாறாது நிற்பவை. அவற்றை ஒவ்வொரு முறையும் புதிதாக வரைந்தனுப்ப வேண்டுவதில்லை. நடந்து செல்லும் மனிதனையும், ஓடும் வண்டியையும் போல மாறிய பகுதிகளை அனுப்பினால் போதும். 2003-இல் வகுக்கப்பெற்ற எச்.264 என்னும் முறையும், 2013-இல் வந்த எச்.265 என்னும் முறையும் இக்கருத்தைத் தழுவியவையே. நிலைக்காமிராவின் பார்வை நிலைத்திருத்தலால் அதன் படம் நன்கு சுருங்கும். தலை திருப்பும் காமிராவுக்கோ திருப்புந்தோறும் காட்சி முழுவதும் மாறிவிடும்.

சுருக்கப்பட்ட படம் வலையமைப்பு வழியே பதிவுக் கருவியை அடைகின்றது. ஒவ்வொரு வீட்டிற்கும் கதவு எண் இருப்பது போல ஒவ்வொரு காமிராவுக்கும் வலையமைப்பில் ஓர் எண்முகவரி உண்டு. அதனால் எந்தப் படம் எந்தக் காமிராவிலிருந்து வந்தது என்பதில் மயக்கம் நேராது. 2003-ஆம் ஆண்டில் ஏற்பட்ட ஒரு தொழில்விதி, செய்தி செல்லும் கம்பியிலேயே மின்சாரத்தையும் செலுத்த வழிசெய்தது. ஆதலின் காமிராவின் அருகே தனியாக மின்னிணைப்பு வேண்டுவதில்லை. ஆயினும் அக்கம்பியின் நீளம் 100 மீட்டருக்குள் அடங்குதல் வேண்டும்.

இரவில் இக்கண் எவ்வாறு காண்கின்றது? வில்லையைச் சுற்றியுள்ள சிறு விளக்குகள் அகச்சிவப்பு ஒளியை வீசுகின்றன. அவ்வொளி நம் கண்ணுக்குப் புலப்படாது. ஒளியுணரித் தகட்டிற்குப் புலப்படும். ஆனால் அந்நேரத்தில் படம் கறுப்பும் வெளுப்புமாகவே தோன்றும்.

நன்மைகள்

நிலைக்காமிராவின் முதல் நன்மை அதன் நிலைத்த தன்மையே ஆகும். சுழல் காமிரா கிழக்கே நோக்கும்போது மேற்கே நிகழ்வது பதிவாகாமற் போகும். நிலைக்காமிராவோ தனக்கு விதித்த இடத்தை ஒரு நொடியும் கைவிடாது. வாயிலைக் காக்க வைத்தால் வாயிலை விட்டு அதன் நோக்கு விலகாது.

இரண்டாவது நன்மை எளிமை. அதனைத் திருப்புதற்குச் சுழலும் பொறிகள் இல்லை. ஆதலின் தேய்வதும் பழுதாவதும் குறைவு. விலையும் சுழல் காமிராவின் விலையினும் பெரும்பாலும் குறைவே.

மூன்றாவது நன்மை, தொலைவிலிருந்து காணும் வசதி. கடைக்காரர் வெளியூர் சென்றிருந்தாலும் தம் கைப்பேசியில் கடை வாயிலைக் காணலாம். முதிய பெற்றோரைத் தனியே விட்டுப் பணிக்குச் செல்லும் மகள், வீட்டு முற்றத்தில் அவர் நடமாடுவதைக் கண்டு ஆறுதல் அடையலாம்.

நான்காவது நன்மை சான்று. நிகழ்ச்சியைக் கண்டோர் மறப்பர், அஞ்சி மறைப்பர், சிற்சில வேளைகளில் மாற்றியும் கூறுவர். காமிரா அச்சமும் விருப்பு வெறுப்பும் இன்றித் தன் முன் நிகழ்ந்ததைப் பதிகின்றது. அச்சான்று எளியோருக்கும் துணையாகும். 2020-ஆம் ஆண்டு டிசம்பர் 2-ஆம் நாள் நம் நாட்டு உச்ச நீதிமன்றம், காவல் நிலையம் ஒவ்வொன்றிலும் வாயில், காவலறை, நடைவழி முதலிய இடங்களிலெல்லாம் கண்காணிப்புக் காமிரா அமைக்க வேண்டும் என்றும், பதிவுகளைப் பதினெட்டுத் திங்கள் காத்தல் வேண்டும் என்றும் ஆணையிட்டது. காவல் நிலையத்தில் எவரும் துன்புறுத்தப்படலாகாது என்பதே அவ்வாணையின் நோக்கம். காப்பவரையும் ஒரு கண் காக்கவேண்டும் என்னும் உண்மையை நீதிமன்றம் உலகறியச் செய்தது.

காமிராவால் குற்றம் குறைகின்றதா என்று ஆராய்ந்தோரும் உளர். நாற்பதாண்டுக் கால ஆய்வுகளைத் தொகுத்து நோக்கிய குற்றவியல் அறிஞர் நால்வர் தம் முடிவை 2019-இல் வெளியிட்டனர். காமிரா அமைந்த இடங்களில் குற்றம் ஏறத்தாழ நூற்றுக்குப் பதின்மூன்று பங்கு குறைந்தது என்றும், வண்டி நிறுத்துமிடங்களில் பயன் மிகுதி என்றும், அடிதடி முதலிய வன்செயல்களில் குறிப்பிடத்தக்க குறைவு காணப்படவில்லை என்றும் அவர்கள் கண்டனர். பயன் உண்டு, ஆனால் அளவிறந்த பயன் இல்லை என்பதே இதன் கருத்து.

அளவறிந்து அமைத்தல்

காமிரா வாங்குவோர் பலர், ஒரு காமிராவை உயரத்தில் மாட்டிவிட்டால் தெரு முழுவதும் தெளிவாகத் தெரியும் என்று நம்புகின்றனர். அது தவறு. இதற்கு ஒரு கணக்கு உண்டு. காட்சியின் அகலத்தில் மீட்டருக்கு 25 புள்ளிகள் விழுந்தால், அங்கே ஓர் ஆள் இருக்கின்றார் என்று மட்டும் அறியலாம். 125 புள்ளிகள் விழுந்தால், முன்பே பழகியவரை இன்னார் என்று கண்டுகொள்ளலாம். 250 புள்ளிகள் விழுந்தாலன்றி, முன்பின் அறியாத ஒருவரை ஐயமற இன்னார் என்று உறுதிசெய்தல் இயலாது. இவை பன்னாட்டுத் தொழில்விதியில் வகுக்கப்பெற்ற அளவுகள்.

இனி, கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 1,920 புள்ளி அகலமுள்ள காமிராவை எடுத்துக்கொள்க. 1,920-ஐ 250-ஆல் வகுத்தால் 7.68 வரும். அஃதாவது, காட்சியின் அகலம் ஏழரை மீட்டரளவில் இருக்கும் இடத்தில்தான் புதியவர் ஒருவரின் முகத்தை உறுதியாக அறிய முடியும். 25-ஆல் வகுத்தால் 76.8 வரும். எழுபத்தாறு மீட்டர் அகலத்தைக் காட்டினால், மனித உருவம் தெரியும். மனிதன் யாரென்பது தெரியாது. அகலக் காண விரும்பினால் தெளிவு குன்றும். தெளியக் காண விரும்பினால் அகலம் குன்றும். இரண்டையும் ஒருங்கே வேண்டுவோர் காமிராக்களின் எண்ணிக்கையைப் பெருக்குதல் வேண்டும்.

சேமிப்பிற்கும் கணக்கு உண்டு. ஒரு காமிரா விநாடிக்கு 2 மெகாபிட் அளவில் செய்தி அனுப்பினால், ஒரு நாளைக்கு 21.6 கிகாபைட் சேரும். முப்பது நாளைக்கு 648 கிகாபைட் ஆகும். நான்கு காமிராக்களுக்கு 2,592 கிகாபைட் இடம் வேண்டும். இடம் போதாவிடில், பதிவுக் கருவி பழைய பதிவை அழித்து, அவ்விடத்திற் புதியதை எழுதிக்கொள்ளும். தேவைப்படும் நாளில் தேவையான பதிவு இராது.

குறைகள்

நன்மை உள்ள எப்பொருளுக்கும் குறையும் உண்டு. நிலைக்காமிராவின் பெருமைக்குக் காரணமான நிலைப்பே அதன் சிறுமைக்கும் காரணமாகும். அது இமையாக் கண். ஆயின் திரும்பாக் கண். காட்சியின் எல்லையைக் கடந்து ஓரடி சென்றவர் அதற்கு உலகத்திலேயே இல்லாதவர் ஆகிவிடுவர். அதன் பார்வை எங்கே முடிகின்றது என்பதைக் கள்வன் அறிந்துகொண்டால், அவ்வெல்லைக்கு அப்பால் தன் தொழிலைத் தடையின்றிச் செய்வான்.

எதிரே கதிரவன் ஒளி வீசும்போது அதன் முன் நிற்பவர் முகம் இருண்டு தோன்றும். வில்லையின் முன் சிலந்தி வலை கட்டினால், இரவில் அகச்சிவப்பு ஒளி அவ்வலையிலேயே பட்டுத் திரும்பிப் படம் முழுவதும் வெண்புகை போலாகும். புழுதியும் மழைநீரும் தெளிவைக் கெடுக்கும். மின்சாரம் நின்றால், மாற்றுமின்கலம் இல்லாதவிடத்துக் கண் மூடிவிடும்.

வலையமைப்போடு இணைந்ததால் வந்த குறை இவற்றினும் பெரிது. வீட்டைக் காக்க வைத்த கருவியே கள்வன் கைக்கருவி ஆதல் கூடும். காமிராக்கள் தொழிற்சாலையிலிருந்து வரும்போது அவற்றிற்குப் பொதுவான கடவுச்சொல் ஒன்று இடப்பட்டிருத்தல் உண்டு. வாங்கியவர் பலர் அதனை மாற்றுவதில்லை. 2016-ஆம் ஆண்டில் மிராய் என்னும் தீநிரல் ஒன்று பரவிற்று. அது அத்தகைய பொதுக் கடவுச்சொற்கள் அறுபதுக்கு மேற்பட்டவற்றை ஒவ்வொன்றாக இட்டுப் பார்த்து, பல இலட்சம் காமிராக்களிலும் பிற கருவிகளிலும் புகுந்தது. அவ்வாண்டு அக்டோபர் 21-ஆம் நாள், அவ்வாறு அடிமைப்பட்ட கருவிகளெல்லாம் ஒரே நேரத்தில் அமெரிக்க நிறுவனம் ஒன்றைத் தாக்கியமையால், புகழ்பெற்ற இணையத்தளங்கள் பல மணிக்கணக்கில் செயலற்றுக் கிடந்தன. அந்நிரலை முதலில் எழுதியவர்கள் கல்லூரிப் பருவத்து இளைஞர் மூவர் என்பதை 2017-இல் அவர்களே நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டனர். அறிவு அறத்தோடு கூடாவிடில் என்னாகும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

மற்றொரு குறை மனிதருடைய மானத்தைப் பற்றியது. தெருவைக் காக்க வைத்த காமிரா எதிர்வீட்டு முற்றத்தையும் நோக்கினால், அவ்வீட்டார் அமைதியாக வாழ்வது எங்ஙனம்? 2017-ஆம் ஆண்டு ஆகஸ்டு 24-ஆம் நாள், உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் அடங்கிய அமர்வு, தனிமை காத்தல் நம் அரசியலமைப்பு வழங்கும் அடிப்படை உரிமையே என்று ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. பிறர் வாழ்வை எட்டிப் பார்த்தல் பண்பன்று என்று நம் பெரியோர் கூறிவந்ததை நாட்டின் உயர்ந்த மன்றமும் உறுதி செய்தது.

எங்கள் தெருவில் நிகழ்ந்தது

இக்குறைகள் எல்லாவற்றினும் பெரிய குறை ஒன்று உண்டு. அது காமிராவின் குறையன்று; காண்பவர் குறை. அதனை எங்கள் தெருவில் நேரிற் கண்டேன்.

எங்கள் தெருவினர் பொருள் திரட்டிப் பிள்ளையார் கோயிலை அடுத்த கம்பத்தில் நிலைக்காமிரா ஒன்றை அமைத்தனர். மார்கழித் திங்களில் ஒரு நாள் விடியற்காலையில் கோயிலுக்கு வந்த மூதாட்டி ஒருவர் தம் சிவப்புப் பணப்பையைத் தவறவிட்டார். அதில் மருந்து வாங்க வைத்திருந்த மூவாயிரம் ரூபாய் இருந்தது. காலை எட்டு மணிக்கு மேல் அவர் அதனை உணர்ந்து அழுதார். உடனே பதிவை எடுத்துப் பார்த்தோம். 6 மணி 10 நிமிடத்தில் பை விழுகின்றது. 6 மணி 14 நிமிடத்தில் செய்தித்தாள் போடும் சிறுவன் மிதிவண்டியை நிறுத்துகின்றான்; பையை எடுக்கின்றான்; இருபுறமும் திரும்பிப் பார்க்கின்றான்; தாள் வைக்கும் பைக்குள் அதனை இட்டுக்கொண்டு காட்சியின் எல்லையைக் கடந்து செல்கின்றான்.

அச்சிறுவன் மாலைதோறும் என் வீட்டுத் திண்ணையில் அமர்ந்து இலக்கணம் கேட்பவன். அவனை அழைத்து வினவினர். "பால் நிலையத்துக்காரரிடம் கொடுத்தேன், யாரேனும் தேடி வந்தால் கொடுத்துவிடுங்கள் என்று சொன்னேன்" என்றான். பால் நிலையம் பூட்டியிருந்தது. அதனை நடத்துபவர் உறவினர் வீட்டுத் துக்கத்திற்கு வெளியூர் சென்றிருந்தார்; தொலைபேசியிலும் அவரைப் பிடிக்க முடியவில்லை. பால் நிலையத்திற்கு எதிரேயுள்ள மருந்துக் கடையில் ஒரு காமிரா உண்டு. அதன் பதிவையும் பார்த்தோம். சிறுவன் பால் நிலையத்தின்முன் நிற்பது தெரிந்தது. விற்பவரிடம் எதனையோ நீட்டுவது போலவும் இருந்தது. ஆனால் படத்தின் மூலையில் காட்டிய நேரம் 5 மணி 58 நிமிடம். பை விழுந்ததோ 6 மணி 10 நிமிடத்தில்! "விழுவதற்கு முன்பே எப்படிக் கொடுத்தான்? பால் வாங்கக் காசு கொடுத்ததைக் காட்டி நம்மை ஏமாற்றப் பார்க்கின்றான்" என்றார் ஒருவர். கூட்டம் அதனை ஒப்புக்கொண்டது. நானும் ஒப்புக்கொண்டேன். "படித்தும் இப்படிச் செய்யலாமா?" என்று அவனைக் கேட்டேன். அவன் தலைகுனிந்து நின்றான்.

அப்பொழுது மருந்துக் கடைக்காரருடைய மகள், ஒன்பதாம் வகுப்பில் படிப்பவள், சுவரிலிருந்த கடிகாரத்தையும் காமிராத் திரையையும் மாறி மாறிப் பார்த்தாள். "ஐயா, சுவர்க் கடிகாரத்தில் மணி 9-35. திரையில் 9-15 அல்லவா காட்டுகின்றது?" என்றாள். அப்பொழுதுதான் உண்மை விளங்கிற்று. எங்கள் தெருக் காமிரா வலையமைப்பு வழியே சரியான நேரத்தைப் பெறுவது. மருந்துக் கடைக் காமிராவின் நேரத்தை எவரும் சரிபார்த்ததில்லை. அது இருபது நிமிடம் பின்தங்கியிருந்தது. 5 மணி 58 நிமிடத்தோடு இருபதைக் கூட்டினால் 6 மணி 18 நிமிடம். பையை எடுத்த நான்காம் நிமிடத்தில் சிறுவன் அதனை ஒப்படைத்திருக்கின்றான்! மாலையில் ஊர் திரும்பிய பால் நிலையத்துக்காரர் மேசை அறையைத் திறந்து பையை எடுத்துக் கொடுத்தார். மூவாயிரம் ரூபாயும் குறைவின்றி இருந்தது. இருபுறமும் திரும்பிப் பார்த்தது கள்ளத்தனத்தால் அன்று. பைக்குரியவரைத் தேடியே பார்த்திருக்கின்றான்.

மூதாட்டி அவனை அணைத்துக் கண்ணீர் விட்டார். ஆனால் மறுநாள் மாலை அவன் என் திண்ணைக்கு வரவில்லை. நான் அவன் வீட்டிற்குச் சென்று, "தம்பி, தவறு என்னுடையது" என்றேன். அவன் சிறிது நேரம் பேசாதிருந்தான். பின்பு, "ஐயா, நான் போன இடத்தைக் காமிரா பார்க்கவில்லை. மற்றவர்கள் என்னை அறியாதவர்கள். நீங்களாவது நான் சொன்னதை நம்பியிருக்கலாம்" என்றான். அதற்கு என்னிடம் விடையில்லை. ஒரு வாரம் கழித்தே அவன் மீண்டும் வந்தான்.

அதன்பின் எங்கள் தெருவினர் நான்கு ஏற்பாடுகள் செய்தனர். எல்லாக் காமிராக்களின் நேரத்தையும் ஒன்றாக்கினர். எதிர்வீட்டு முற்றம் தெரியாதவாறு காமிராவைச் சற்றே தாழ்த்தினர். இங்கே காமிரா உள்ளது என்று பலகை எழுதி வைத்தனர். பதிவைப் பார்க்கும் உரிமை மூவருக்கே உண்டு எனவும், கூட்டமாகக் கூடிப் பார்த்து எவரையும் பழிக்கலாகாது எனவும் முடிவு செய்தனர். தொழிற்சாலையில் இட்ட கடவுச்சொல்லை மாற்றும் பணியை அம்மாணவியே செய்து முடித்தாள்.

முடிவுரை

திருவள்ளுவர் ஒற்றாடல் என்றோர் அதிகாரம் வகுத்துள்ளார். ஓர் ஒற்றன் அறிந்து கொணர்ந்த செய்தியையும் மற்றோர் ஒற்றனைக் கொண்டு ஆராய்ந்தே கொள்ளுதல் வேண்டும் என்பது அவர் கருத்து. பலமுறை அக்குறளுக்கு வகுப்பில் உரை கூறியவன் நான். ஆயினும் அன்று அதன் பொருளை மறந்தேன். இரண்டாவது ஒற்றன் சான்று கூறியபோதும் அவ்வொற்றனுடைய கடிகாரத்தை ஆராயத் தவறினேன்.

மாணவர்களே! நிலைக்காமிரா நல்ல காவலன். ஆனால் நீதிபதி அன்று. கை பொருளை எடுப்பதை அது காட்டும். எடுத்தவன் நெஞ்சிலுள்ள எண்ணத்தைக் காட்டாது. கண்ணால் கண்டதும் பொய், காதால் கேட்டதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்னும் பழமொழியை நம் பாட்டிமார் சொல்லக் கேட்டிருப்பீர்கள். கண்களின் எண்ணிக்கை பெருகியுள்ள இக்காலத்தில் அப்பழமொழியின் தேவையும் பெருகியுள்ளது. கருவி இமையாது காக்கட்டும். அது காட்டுவதை ஆராயும் பொறுப்பும், ஆராய்வதற்குமுன் பழி கூறாதிருக்கும் பொறுப்பும் நம்முடையனவே.

பயிற்சி

1. நிலைக்காமிராவும் சுழல் காமிராவும் தம்முள் வேறுபடுமாற்றை எழுதுக.
2. 2,560 புள்ளி அகலமுள்ள காமிரா, புதியவர் ஒருவரை உறுதியாக அறிதற்கு எத்துணை அகலம் வரையில் பயன்படும்? கணக்கிட்டுக் கூறுக.
3. "அது இமையாக் கண், ஆயின் திரும்பாக் கண்." இத்தொடரைப் பாடத்திலுள்ள நிகழ்ச்சியைக் கொண்டு விளக்குக.
4. கடவுச்சொல்லை மாற்றாமையால் விளைந்த கேடு யாது?
5. சிறுவன் ஒரு வாரம் வராதிருந்தமைக்குக் காரணம் யாது? அவன் நிலையில் நீவிர் இருந்திருப்பின் என் செய்திருப்பீர்? ஒரு பக்க அளவில் எழுதுக.